வெறும் வாத்து

டியோனிசி கெம்பாவைப் பெரிய இயக்குநர் என்று போலந்தில், எங்கள் வூட்ஜ் நகரத்தில் யாரும் சொன்னதில்லை. பல் துலக்குவது எப்படி, தண்டவாளத்தைக் கடப்பது எப்படி என்று அரசாங்கத்துக்குக் குறும்படம் எடுத்தே தலை நரைத்த மனிதர். அவற்றை வெட்டி ஒட்டியவள் நான். ஆசைப்பட்டு அவர் எடுத்தது ஒன்றே ஒன்றுதான்: ஒரு வாத்து தெருவைக் கடந்து குளத்துக்குப் போகிறது. யாராவது ஒருத்தர் அதைப் பார்த்து, "அழகான வாத்து" என்று சொன்னால் போதும் அவருக்கு.

எங்கள் ஊரில் அது நடக்கிற காரியமா? திரையில் ஒருவன் தும்மினால்கூட அரசாங்கத்தைக் குத்துகிறான் என்று கைதட்டுகிற ஜனம் நாங்கள். தணிக்கைக் குழுவும் எங்களில் பிறந்ததுதானே.

"தோழர் கெம்பா, வாத்து எங்க போகுது?" என்றார் குழுத் தலைவர்.

"குளத்துக்குங்க."

"குளம் எந்தத் திசையில இருக்கு?"

"மேற்கால."

"அதாவது, நம்ம நாட்டு வாத்து மேற்கத்திய நாட்டுக்கு ஓடுது."

"ஓடலைங்க, நடக்குது."

"யோசிச்சு, நிதானமாப் போகுதா? அது இன்னும் மோசம்."

கெம்பா படச்சுருளையே இடம் வலமாகத் திருப்பிப் போட்டுக் கொண்டுவந்தார். வாத்து இப்போது மாஸ்கோ பக்கமாக ஒழுங்காக நடந்தது. ஆனால் பின்னால் இருந்த கூட்டுறவுக் கடையின் பலகையில் எழுத்தெல்லாம் திரும்பிக்கொண்டது.

"கிழக்க போனா எல்லாமே ஏறுக்குமாறாத்தான் இருக்கும்னு சொல்ல வர்றீங்க" என்று தலைவர் படத்தை அலமாரியில் வைத்துப் பூட்டினார்.

அலமாரியில் ஏறிய படத்துக்கும் ராணுவக் கர்னலுக்கும் எங்கள் மொழியில் ஒரே உச்சரிப்பு. அதன்பிறகு தெருவில் போகிறவர்களெல்லாம் கெம்பாவுக்குச் சல்யூட் அடித்தார்கள்.

"வெறும் வாத்துய்யா" என்று மன்றாடினார்.

"புரியுது கர்னல், புரியுது" என்று கண்ணடித்தார்கள். நானும் நம்பவில்லை. அந்த வாத்து கட்சிச் செயலாளர்தான். அந்தக் கழுத்து வேறு யாருக்கு இருக்கிறது?

கம்யூனிஸ்ட் ஆட்சி போனது, படம் திரைக்கு வந்தது. அரங்கில் நிற்க இடமில்லை. கெம்பா மேடையேறி, "இப்ப பயமில்ல, உண்மையைச் சொல்றேன். அது வெறும் வாத்து" என்றார்.

"இன்னமும் வாயைத் திறக்க முடியலையே இந்த மனுஷனால" என்று ஜனம் எழுந்து நின்று அழுதது.

நாற்காலிக்குத் திரும்பியவரின் முகத்தைப் பார்க்க எனக்கே பாவமாக இருந்தது. பக்கத்தில் இருந்த மனைவி ஃபெலா மெல்லக் கேட்டாள்: "டியோனிசி, என்கிட்டயாவது மறைக்காத. அது நான்தானே?"

வெறும் வாத்து என்று சொல்லத்தான் வாயைத் திறந்தார். ஃபெலா புது உடுப்பு போட்டிருந்தாள். கன்னம் சிவந்து, மூச்சைப் பிடித்துக்கொண்டு காத்திருந்தாள்.

"ஆமா ஃபெலா" என்றார் கெம்பா. "நீதான்."

"நடையைப் பார்த்தப்பவே நினைச்சேன்" என்று அவர் தோளில் சாய்ந்துகொண்டாள். "இதைச் சொல்ல உனக்கு இத்தனை வருஷமா?"