பின்லாந்துக்காரருக்கு ஒரு பொன்னாடை

மெல்பேணில் அந்த எழுபதுகளில் எங்கள் யாழ்ப்பாணத்து ஆட்கள் முப்பது குடும்பம் இருந்தால் பெரிது. முப்பது குடும்பத்துக்கு ஒரு சங்கம், சங்கத்துக்குப் பதினொரு பேர் கொண்ட நிர்வாகக் குழு. அதில் நான் செயலாளர். செயலாளர் என்றால் கடிதம் எழுதுவது, மண்டபத்துக்கு அலைவது, கதிரை அடுக்குவது, விழாவின் கடைசியில் நன்றியுரை சொல்வது. வருடத்துக்கு ஒரு முறை ஒலிவாங்கி என் கைக்கு வருவது அந்த நன்றியுரையில்தான். ஒரு நல்ல மனிதரின் பிழைப்பில் நான் மண்ணள்ளிப் போட்டதும் அதில்தான்.

அவர் பின்லாந்துக்காரர். எங்கள் இரண்டு பேருக்கும் ஒரே கார்த் தொழிற்சாலையில் வேலை. அவர் கதவுகளுக்குப் பெயின்ற் அடிப்பார்; அடித்ததில் கீறல் இருக்கிறதா என்று நான் பார்ப்பேன். ஊரில் கணக்கு வாத்தியாராக இருந்தவன் இங்கே கீறல் வாத்தியார் ஆனேன். அவருடைய கதவில் நான் கீறல் கண்டதில்லை. அவர் வாயில் பேச்சைக் கண்டதும் குறைவு. திங்கட்கிழமை ஒரு வசனம் சொன்னார் என்றால் அடுத்தது வெள்ளிக்கிழமைதான்.

அவர் பெரிய பாடகர் என்பதே எனக்கு ஆறு மாதம் கழித்துத்தான் தெரிந்தது. கன்ரீனுக்குப் புதிதாக வந்த அவர் நாட்டுப் பெண் ஒருத்தி அவரைக் கண்டதும் கையிலிருந்த தட்டைக் கீழே போட்டுவிட்டாள். "இது ஆரெண்டு தெரியுமோ உங்களுக்கு?" என்று எங்களைப் பார்த்துக் கத்தினாள். ஆங்கிலத்தில்தான் கத்தினாள், ஆனால் என் நினைவில் எல்லாரும் யாழ்ப்பாணத் தமிழில்தான் பேசுகிறார்கள், நான் என்ன செய்ய? பெயின்ற் படிந்த மேலங்கியோடு பாண் தின்றுகொண்டிருந்த மனிதருக்கு வெட்கத்தில் காது சிவந்துவிட்டது.

அதன் பிறகு கொஞ்சம் கொஞ்சமாக அவரிடமிருந்து கதையைப் பிடுங்கினேன். தகப்பன் மரம் அறுக்கும் ஆலையில் வேலை செய்தவர். அங்கே கழித்துப் போட்ட பலகையில் பதினைந்து வயதில் தானே ஒரு கிற்றார் செய்தாராம். ஒரே நிறச் சட்டை போட்ட நான்கு பெடியன்கள் சேர்ந்து ஒரு றொக் இசைக் குழு. பேருந்து நடத்துநரின் மகளைப் பற்றி இவர் எழுதிய ஒரு பாட்டை மூன்று கோடைக்கு நாடே பாடியதாம். பெண்கள் இவருடைய சட்டைப் பொத்தான்களைப் பிய்த்துக்கொண்டு ஓடினார்களாம். கேட்டுவிட்டு அவர் சட்டையைப் பார்த்தேன். எல்லாப் பொத்தான்களும் பத்திரமாக இருந்தன.

பிறகு சனத்துக்கு அலுத்துவிட்டது. அந்த ஊரில் கோடையானால் ஏரிக்கரை மண்டபங்களில் ஆணும் பெண்ணும் கட்டிப்பிடித்து, ஏதோ செத்த வீட்டுக்கு வந்த முகத்தோடு டாங்கோ ஆடுவார்களாம். றொக் பாடிய வாயால் டாங்கோ பாடு, இல்லையென்றால் வீட்டுக்குப் போ என்றார்கள். மனிதருக்கு ரோசம் வந்துவிட்டது. மனைவியையும் கூட்டிக்கொண்டு அவுஸ்திரேலியாவுக்குக் கப்பல் ஏறிவிட்டார். ஐரோப்பாக்காரர்களை இந்த நாடு அப்போது வா வா என்று அழைத்துக்கொண்டிருந்தது. எனக்கு விசா தர என் பல்லைக்கூட எண்ணிப் பார்த்தார்கள், அது வேறு கதை.

முதலில் சிட்னியில் ஒரு கிளப். பெயரைச் சுருக்கு, மயிரை நீட்டு என்றார் முதலாளி. இரண்டையும் செய்தார். குடித்தவர்கள் வேறு யாருடையவோ பாட்டுகளைப் பாடச் சொல்லிப் போத்தல் எறிந்தார்கள். ஆங்கிலத்தில் ஒரு இசைத்தட்டு வந்தது. வானொலி அதை ஒரே ஒரு தடவை போட்டது. அந்த நேரம் இவர் குளித்துக்கொண்டிருந்தார். சிட்னி போதுமென்று மெல்பேண் வந்தார். இங்கே சனிக்கிழமைகளில் பின்லாந்துக்காரர்களின் மண்டபத்தில் பாடக் கூப்பிட்டார்கள். என்ன பாட? டாங்கோ! எதற்குப் பயந்து உலகத்தின் அடிமட்டத்துக்கு ஓடி வந்தாரோ, அது இவருக்கு முன்னால் வந்து கதிரை போட்டு உட்கார்ந்திருந்தது.

மெல்பேணின் புறநகரான மல்கிரேவில் எங்கள் வீட்டுக்கு மூன்று தெரு தள்ளி அவர் வாடகைக்கு இருந்தார். பின்வளவில் ஒரு மரக்கூண்டு கட்டி, உள்ளே அடுப்பு வைத்துக் கல்லைச் சுட்டு, அதில் தண்ணீர் ஊற்றி, அந்த ஆவியில் குந்தியிருப்பார். சவுனா என்று பெயர். சித்திரை வெயிலுக்குத் தப்பிக் கடல் கடந்து வந்தவனை அதற்குள் கூப்பிட்டார். உடுப்பில்லாமல் வர வேண்டுமாம்! 'விசரோ இந்த மனுசனுக்கு' என்று நினைத்துக்கொண்டு இடுப்பில் கட்டிய சாரத்தோடு போய் உட்கார்ந்தேன். ஊரில் நெல் அவிப்பது போல என்னை அவித்தார். ஆனால் ஒன்று, வெளியில் வாய் திறக்காத மனிதர் அதற்குள் போனால் பேசுவார்.

"புதுப் பாட்டொண்டு எழுதியிருக்கிறன். இங்கிலிசில. நல்ல பாட்டு," என்றார் ஒருநாள்.

சிட்னி இசைத்தட்டுக் கம்பனிக்காரர் ஒருவர் மெல்பேண் வருகிறாராம். ஞாயிற்றுக்கிழமை விமான நிலையத்துக்குப் போகும் வழியில், நான்கு மணிக்குப் பாட்டைக் கேட்க வந்து ஐந்து மணிக்குள் புறப்பட வேண்டுமாம். சனத்துக்கு முன்னால் பாடிக் காட்டட்டும், சனம் எப்படிக் கேட்கிறது என்று பார்த்துத்தான் முடிவு என்று சொல்லியிருக்கிறார்.

"பப்பில பாடினால் ஒருத்தரும் கேக்காயினம். எங்கட மண்டபத்தில பாடினால் டாங்கோ கேப்பினம்," என்றார். கல்லில் தண்ணீர் ஊற்றினார். "இதுவும் சரிவராட்டில் ஊருக்குத் திரும்பிறதெண்டு மனுசிக்கு வாக்குக் குடுத்திட்டன். மச்சான் அங்க உழவு இயந்திரம் விக்கிறான். நானும் போய் அதை விக்க வேண்டியதுதான்."

சும்மா கிடந்த சங்கை ஊதிக் கெடுத்தான் ஆண்டி என்பார்களே, அந்த ஆண்டி நான்தான்.

"அண்டைக்குத்தான் எங்கட பொங்கல் விழா. அதில பாடுங்கோவன்," என்றேன். "எங்கட ஆக்கள் இருந்து கேப்பினம். ஒரு போத்தல் பறக்காது."

"நாலு மணிக்கோ?"

"சரியா நாலு மணிக்கு."

"சத்தியமா?"

"சத்தியமா," என்று வேர்வை வழியும் கையை அவர் கையில் அடித்துக் கொடுத்தேன்.

நிர்வாகக் கூட்டத்தில் சொன்னபோது தலைவருக்கு முகம் மலர்ந்தது. தலைவர் கண் டாக்குத்தர். பிரதம விருந்தினராகக் கூப்பிட்ட வெள்ளைக்காரப் பெரியவர் ஒருவர் வேறு அலுவல் என்று கைவிரித்திருந்த நேரம்.

"வெள்ளையோ?" என்றார் தலைவர்.

"ஓம். ஆனால் அவர் பாட வாறவர், ஐயா."

"பாடட்டும், ஆர் வேண்டாமெண்டது? பிரதம விருந்தினர் அவர்தான். முதல்ல பொன்னாடை, பிறகு பாட்டு."

என்ன பாட்டு என்று பதினொரு பேரில் ஒருவரும் கேட்கவில்லை. அழைப்பிதழில் 'ஐரோப்பா கண்ட இசைச் சக்கரவர்த்தி' என்று போட்டோம். பொன்னாடை வாங்க மெல்பேணில் கடை ஏது? தலைவரின் கல்யாணச் சால்வையைப் போர்த்துவது, விழா முடிந்ததும் திருப்பி எடுத்துவிடுவது என்று தீர்மானம் நிறைவேறியது.

"இஞ்சருங்கோ, அந்த மனுசனுக்குச் சத்தியம் பண்ணிக் குடுத்திட்டு வந்திருக்கிறியள்," என்றாள் என் மனைவி. "எங்கட ஆக்களின்ர கையில ஒலிவாங்கியக் குடுத்திட்டுத் திருப்பி வாங்கேலுமோ?"

"அதெல்லாம் நான் பாத்துக்கொள்ளுவன்," என்றேன், நிமிராமல். நன்றியுரை எழுதிக்கொண்டிருந்தேன். நான்கு நாள் மாலையில் உட்கார்ந்து எழுதினேன். மூன்று தாள், எதுகை மோனை எல்லாம் வைத்து.

விழா ஒரு தேவாலயத்து மண்டபத்தில். ஐந்து மணிக்கு அங்கே பிரார்த்தனை, அதற்குள் நாங்கள் வெளியேறிவிட வேண்டும். தை மாதம் இங்கே தார் இளகுகிற கோடை. அழைப்பிதழில் 'சரியாக இரண்டு மணி' என்றிருந்ததை நம்பியது இரண்டே பேர். பின்லாந்துக்காரரும் மனைவியும் ஒன்றரைக்கே வந்து பூட்டிய கதவுக்கு முன்னால் படியில் உட்கார்ந்திருந்தார்கள். எங்கள் சனம் மூன்று மணிக்கு வந்தது. நேரத்துக்கு வருகிறவனுக்கு வேறு வேலை இல்லை என்பது எங்கள் நினைப்பு. அழைப்பிதழால் எல்லாரும் விசிறிக்கொண்டிருக்க, தோல் சட்டைக்கு மேல் பொன்னாடையும் போர்த்திக்கொண்டு அவர் மட்டும் மேடையில் சுகமாக இருந்தார். சவுனாவில் பழகிய உடம்பு.

வரவேற்புரை, தலைமையுரை, ஆசியுரை. ஏறிய ஒவ்வொருவரும் 'இரண்டு வார்த்தை' என்றுதான் தொடங்கினார்கள். மண்வெட்டியைத் தொட்டே பார்க்காத ஒரு பல் டாக்குத்தர் உழவின் பெருமை பற்றி ஏரையும் எருதையும் அரை மணித்தியாலம் ஓட்டினார். ஒவ்வொருவரும் பின்லாந்துக்காரர் பக்கம் திரும்பி அவரைத் தமிழில் புகழ்ந்தார்கள். அவரும் புரிந்தது போல் தலையசைத்தார்.

நான்கு மணிக்குக் கம்பனிக்காரர் வந்தார், பிசகாமல். பழுப்புக் கோட்டோடு பின்கதவடியில் நின்றவரின் கையில் எங்கள் பெண்களில் ஒரு அன்ரி பொங்கல் தட்டைத் திணித்தார். பின்லாந்துக்காரர் அவரைக் கண்டுவிட்டார். கிற்றாரை எடுத்து மடியில் வைத்தார். அடுத்த பேச்சாளர் ஏறினார். கிற்றாரைக் கீழே வைத்தார். பேச்சாளர் இறங்கினார், இவர் மறுபடி எடுத்தார். இன்னொருவர் ஏறினார். இதை நான் மேடை மூலையிலிருந்து பார்த்துக்கொண்டேயிருந்தேன். சத்தியம் செய்தவன் நான். எழுந்து போய் ஒலிவாங்கியைப் பறித்திருக்க வேண்டும்.

நான்கு முப்பத்தைந்துக்குத் தலைவர் என் பக்கம் சாய்ந்தார்.

"தம்பி, நேரம் போட்டுது. நன்றியுரைய விட்டிட்டு அந்த மனுசனைப் பாட விடுவமோ?"

இதைவிடத் தெளிவாக ஒரு மனிதனைக் கேட்க முடியாது. பதில் சொல்ல எனக்கு ஒரு நொடிகூட எடுக்கவில்லை.

"நன்றியுரை இல்லாமல் விழாவோ, ஐயா? ரெண்டு நிமிசத்தில முடிச்சிடுவன்."

ஒருவர் பெயர் விடுபட்டால் மூன்று வருடம் முகம் கொடுக்க மாட்டார்கள் என்று எனக்கு நானே சமாதானம் சொல்லிக்கொண்டேன். பச்சைப் பொய். நான்கு மாலைகள் எழுதியதை வாசிக்காமல் இறங்க எனக்கு மனம் வரவில்லை, அவ்வளவுதான்.

முதல் தாளில் மண்டபம் தந்தவர், கதிரை அடுக்கியவர், கார் ஓடியவர். இடையில் ஒரு பகிடி விட்டேன், சனம் சிரித்தது. அந்தச் சிரிப்பு தலைக்கேறிவிட்டது. தாளில் இல்லாத இரண்டு பகிடியும் சேர்த்து விட்டேன். முன்வரிசையில் என் மனைவி 'இறங்குங்கோ, இறங்குங்கோ' என்று கையைக் காட்டினாள். கண்டேன். இரண்டாம் தாளில் வடை சுட்டவர்களை ஒவ்வொருவராகச் சொல்லிக்கொண்டிருக்கும்போது கம்பனிக்காரர் மணிக்கூட்டைப் பார்த்தார். பொங்கல் தட்டை ஒரு கதிரையில் வைத்துவிட்டு வெளியே போனார். அதையும் கண்டேன். கொஞ்சம் நிறுத்தினேன், தாளைத் திருப்ப.

மூன்றாம் தாளில் நான் ஏற்கெனவே எழுதி வைத்தது இருந்தது. 'இறுதியாக, தம் இன்குரலால் இன்று எம் இதயங்களை இசையால் நிறைத்த ஐரோப்பிய இசைச் சக்கரவர்த்திக்கு...' கண் கண்டது, வாய் நிற்கவில்லை. கணீரென்று வாசித்து முடித்தேன். மண்டபம் அதிரக் கைதட்டியது. பாதிப் பேர் தாங்கள் பிந்தி வந்ததால் பாட்டைத் தவறவிட்டுவிட்டதாக நினைத்தார்கள். மீதிப் பேர் நினைக்கவேயில்லை. எல்லாரும் தன்னைப் பார்ப்பதைக் கண்ட பின்லாந்துக்காரர் பொன்னாடையோடும் கிற்றாரோடும் எழுந்து குனிந்து வணங்கினார். அதற்குள் தேவாலயத்துக்காரர் சாவிக்கொத்தைக் குலுக்கிக்கொண்டு வந்து நின்றார்.

கார் நிறுத்துமிடத்தில் அவர் கிற்றாரைக் காரின் பின்பெட்டிக்குள் வைத்துக்கொண்டிருந்தபோது ஓடிப்போய்ப் பிடித்தேன். எனக்கு முன்னமே நிர்வாகக் குழு ஓடிப்போய்ச் சால்வையை வாங்கிவிட்டிருந்தது. அவருடைய மனைவி காருக்குள் முன்னால் பார்த்தபடி இருந்தாள், என் பக்கம் திரும்பவேயில்லை.

"கடைசியா என்னைப் பற்றித்தானே சொன்னீங்கள்?" என்றார். "நல்லாக் கைதட்டிச்சினம். என்ன சொன்னனீங்கள்?"

பொய் சொல்லியிருக்கலாம். வாயுள்ள பிள்ளை பிழைக்கும் என்று சொல்லி வளர்க்கப்பட்டவன் நான். அன்றைக்கு அந்த வாய் உதவவில்லை.

"நீங்கள் நல்லாப் பாடினீங்கள் எண்டு சொன்னன்."

வெயிலில் கண்ணைச் சுருக்கிக்கொண்டு காரின் பின்பெட்டியை மூடினார். திட்டியிருந்தால் நன்றாயிருந்திருக்கும்.

"அந்தக் கடுதாசிய எனக்குத் தாங்கோ," என்றார்.

"என்னத்துக்கு?"

"இந்த நாட்டில நான் நல்லாப் பாடினன் எண்டு ஒருத்தர் எழுதினது இது ஒண்டுதான்."

மாசி முடிவதற்குள் உழவு இயந்திரம் விற்கப் போய்விட்டார். அந்தப் பாட்டை நான் இன்றுவரை கேட்டதில்லை. அன்று அந்த வெயிலில் சட்டைப் பையிலிருந்து மூன்று தாளையும் எடுத்து நீட்டினேன். தன்னைப் பற்றியது எது என்று கேட்டு, மூன்றாவதை மட்டும் எடுத்துக்கொண்டு, மற்ற இரண்டையும் என் கையில் திருப்பி வைத்தார். பிறகு பேனாவைத் தந்து, கீழே கையெழுத்து வைக்கச் சொன்னார். வைத்தேன். பழக்கதோஷம், அதற்குக் கீழே 'செயலாளர்' என்றும் எழுதினேன்.