மேக்கப் அக்கா வரைந்த தம்பி

ஸ்டிக்கர் கடையில் அவளுக்கு மேக்கப் அக்கா என்று பெயர். தன் முகத்துக்குப் பவுடர்கூடப் போடாதவள். அப்படியும் இந்தப் பெயர் ஒட்டிக்கொண்டதற்குக் காரணம், ஊரில் இருக்கிற அத்தனை பேர் முகத்தையும் அவள் கம்ப்யூட்டரில் கழுவித் துடைத்துக் கொடுத்ததுதான்.

வேலை இதுதான். யாராவது ஒரு போட்டோவைக் கொண்டுவருவார்கள். வேன் கதவில் ஒட்ட வேண்டும், பனியனில் அச்சடிக்க வேண்டும், ஓய்வு பெறுகிற மேலதிகாரிக்குக் கேடயத்தில் பொறிக்க வேண்டும் என்பார்கள். போட்டோவை அப்படியே பெரிதாக்கினால் சதுரம் சதுரமாக உடைந்து போகும். அதனால் அதைத் திரையில் மங்கலாக அடியில் போட்டுப் பூட்டிவிட்டு, அதன் மேல் கோடு கோடாகப் புதிதாக வரைய வேண்டும். இப்படி வரைந்ததை வெக்டர் என்பார்கள். விரல்நகம் அளவுக்குச் சுருக்கினாலும் சரி, சுவர் அளவுக்கு இழுத்தாலும் சரி, உடையாது. தானாகவே வரைந்து தருகிற பட்டன் ஒன்றும் சாஃப்ட்வேரில் உண்டு. அதை அமுக்கினால் ஈ மொய்த்த மாதிரி புள்ளிகளைக் கொட்டி வைக்கும். அக்கா அதைத் தொட்டதே இல்லை. ஒவ்வொரு புள்ளியாகத் தானே வைத்து, அதிலிருந்து நீளும் குச்சியைப் பிடித்து இழுத்து, வளைவை வளைப்பாள். புள்ளி குறைய குறைய முகம் அழகாகும் என்பது அவள் கட்சி.

முகத்தில் பரு இருந்தால் போய்விடும். கழுத்து மடிப்பு, கண்ணுக்குக் கீழே தொங்கும் பை, கோணல் மூக்கு எல்லாம் சொல்லாமல் கொள்ளாமல் சரியாகிவிடும். "முடி மட்டும் முளைக்க வைக்க மாட்டேன் சார், அது கடவுள் டிபார்ட்மென்ட்" என்று வழுக்கைத் தலைக்காரர் ஒருவரிடம் அவள் சொல்ல, மனிதர் கடையே அதிரச் சிரித்தார். இத்தனை வருஷத்தில் ஒருத்தராவது திரும்பி வந்து என் மருவை எங்கே என்று கேட்டதுண்டா? கிடையாது. முதலாளிக்கும் அதில் பரம சந்தோஷம்.

அவளுக்கு ஒரே தம்பி. இவள் இடுப்பிலேயே வளர்ந்தவன். கல்யாணம் ஆகி வந்தபோது அம்மாவோடு அவனையும் கூடவே கூட்டிக்கொண்டு வந்தாள். வீட்டுக்காரர் பார்சல் வேன் ஓட்டுபவர், முகம் சுளிக்காத மனிதர். தம்பி ஒரு கிடங்கில் கணக்குப் பார்த்தான். கிடங்கை மூடினார்கள். வேறு வேலை தேடுகிறேன் என்று கொஞ்ச நாள் அலைந்தவன், அப்புறம் அலைவதை நிறுத்தினான். பேச்சும் குறைந்தது. பின்னறையில் சுவரைப் பார்த்துப் படுத்துக் கிடந்தான். தாடி வளர்ந்தது, கன்னம் ஒட்டியது. விருந்தாளி வந்தால் கதவைச் சாத்திக்கொள்வான். கூப்பிட்டால், "அக்கா, என்னை யாருக்கும் காட்டாத" என்பான்.

வைத்தியம் பார்த்திருக்கலாம். இப்போது எல்லோரும் சொல்கிறார்கள். அப்போது வீட்டில் இருந்த மூன்று பேருக்கும் தெரிந்த வைத்தியம், பழையபடி இருடா என்று அவனிடம் சொல்லிக்கொண்டே இருப்பதுதான். அன்பாகவும் சொன்னார்கள், எரிச்சலோடும் சொன்னார்கள். ஒருநாள் சாயங்காலம் வீட்டுச் செருப்போடு கிளம்பியவன் திரும்பவில்லை.

போலீஸ் ஸ்டேஷனில், பெரிய ஆள்தானே, வருவார் போங்கள் என்றார்கள். வரவில்லை. இனி தாங்களேதான் தேட வேண்டும் என்று ஆனபோது, கையில் ஒரு நல்ல போட்டோ இல்லை. கேமராவைக் கண்டாலே நழுவுகிறவன். காணாமல் போவதற்குக் கொஞ்ச நாள் முன்பு, உறவுக்காரர் ஒருவரின் புது வீட்டுக்கு அவனையும் வற்புறுத்திக் கூட்டிப் போனபோது எல்லோரும் சேர்ந்து எடுத்த படம் ஒன்று அவள் செல்போனில் இருந்தது. அதில் வீட்டுக்காரரின் தோளுக்குப் பின்னால், மிளகு அளவுக்கு அவன் முகம். போன் திரையில் ஓரளவு அடையாளம் தெரிந்தது. அதையே பெரிதாக்கி அச்சடித்துப் பார்த்தார்கள். மை கொட்டிய மாதிரி இருந்தது. பெற்ற தாய்க்கே இது யார் என்று சொல்ல வேண்டியிருந்தது.

"அழாதம்மா. நீ வரை. நம்மகிட்ட இல்லாத ஸ்டிக்கர் ஷீட்டா? எவ்வளவு வேணுமோ எடுத்துக்க" என்றார் முதலாளி.

வரைந்தாள். அவள் வேலை தெரியாமல் எதுவும் செய்துவிடவில்லை. அதை முதலில் சொல்லிவிட வேண்டும். ஒரே நிறத்தில் வெட்டுகிற ஸ்டிக்கரில் நிழல் என்று ஒன்று கிடையாது. கறுப்பு இருக்கும், இல்லாவிட்டால் ஒன்றும் இருக்காது. ஒட்டிப்போன கன்னத்தை இருக்கிறபடி வரைந்தால் இரண்டு கறுப்புக் குழி வந்து நிற்கும். பார்க்கிறவர்கள் ஏதோ திருட்டுப்பயல் என்று ஒதுங்கிப் போவார்களே தவிர, நின்று பார்க்க மாட்டார்கள். அதனால் கன்னத்தை நிரப்பினாள். தாடியில் முகம் தெரியாது என்று தாடியை எடுத்தாள். கண்ணைக் கொஞ்சம் திறந்தாள். இடது புருவத்தின் நடுவே ஒரு வெள்ளைக் கீற்று இருந்தது. சின்ன வயதில் சைக்கிளிலிருந்து விழுந்து கிழிந்த இடம், அதற்கு மேல் முடி முளைத்ததே இல்லை. அவளுக்கு அது தெரியாதா? ஆனால் தினமும் பார்க்கிற முகத்தில் தழும்பு கண்ணில் படுவதில்லை. அந்த மாதிரி மெல்லிய இடைவெளியை விட்டால் மெஷின் வெட்டும்போது ஸ்டிக்கர் கிழியும் என்பதால், யார் படமாக இருந்தாலும் அதை மூடிவிடுவது அவள் வழக்கம். கை அதன் பாட்டுக்கு மூடிவிட்டது. கடைசியாக, உதட்டின் ஓரத்தில் இருந்த ஒரே ஒரு புள்ளியைப் பிடித்து மேலே தூக்கினாள். அவன் சிரித்தான். எத்தனையோ மாதம் கழித்து அந்தச் சிரிப்பைப் பார்த்தாள். எழுந்து போய் முகம் கழுவிக்கொண்டு வந்தாள்.

மஞ்சள் பின்னணியில் கறுப்பு முகம். கீழே அவன் பெயர், அம்மா காத்திருக்கிறாள் என்று ஒரு வரி, போன் நம்பர்.

அம்மா அதை வாங்கி முந்தானையால் துடைத்துவிட்டுப் பார்த்தாள். "இப்பத்தான்டி என் பிள்ளை மாதிரி இருக்கான்" என்று முத்தம் கொடுத்தாள். வீட்டுக்காரர் மட்டும் கொஞ்ச நேரம் பார்த்துக்கொண்டே இருந்தார்.

"நல்லாத்தான் இருக்கு. ஆனா கொஞ்சம் வேற மாதிரி இல்ல?"

"என்னங்க நீங்க! தூக்கி வளர்த்தவளுக்குத் தெரியாத மூஞ்சியா உங்களுக்குத் தெரிஞ்சிடப் போவுது?" என்று அவள் சீறினாள். மச்சான் விஷயத்தில் வாயைத் திறந்தால் வம்பு என்று அவர் ஸ்டிக்கர் கட்டைத் தூக்கிக்கொண்டு வேனுக்குப் போனார்.

பார்சல் போகிற ஊரெல்லாம் தம்பியும் போனான். பஸ் நிலையத் தூண், ஆஸ்பத்திரி மதில், ரயிலடி, மருந்துக்கடை ஷட்டர் என்று கண்ட இடத்திலெல்லாம் சிரித்துக்கொண்டிருந்தான். போன் வராமல் இல்லை. வந்ததெல்லாம் வேடிக்கை. செருப்புக்கடையில் வேலை பார்க்கிற ஒரு பையன், ஜவுளி வாங்க வந்த ஒரு மாப்பிள்ளை, பஸ்ஸில் ஜன்னலோரம் உட்கார்ந்து பாட்டுக் கேட்டுக்கொண்டு போன ஒருத்தன். சுற்றுவட்டாரத்தில் களையான முகமுள்ள ஆண்பிள்ளைகள் எல்லோரும் ஒரு தடவையாவது மாட்டிக்கொண்டார்கள். ஒவ்வொரு தடவையும் அவளும் வீட்டுக்காரரும் விழுந்தடித்துக்கொண்டு ஓடி, யாரோ ஒரு அந்நியனிடம் மன்னிப்புக் கேட்டுவிட்டுத் திரும்பினார்கள். வாசலில் நிற்கிற அம்மாவிடம் ஒவ்வொரு தடவையும் இல்லை என்று சொல்ல வேண்டும். தலையை மட்டும் ஆட்டிவிட்டு உள்ளே போவாள்.

மழைக்காலம் முடிந்து வெயில் ஏறிய பிறகு ஒரு பெரியவர் போன் செய்தார். பஸ்ஸில் அரை நாள் போகிற ஊர். அங்கே பஸ் நிலையத்துக் கழிப்பறையைப் பார்த்துக்கொள்பவர்.

"ஆளைப் பாத்தேன்னு சொல்லக் கூப்பிடலம்மா. தூணுக்கெல்லாம் பெயிண்ட் அடிக்கப் போறாங்க. தம்பி கிடைச்சிட்டாரா, படத்தை எடுத்துடலாமான்னு கேக்கத்தான் கூப்பிட்டேன்."

இப்படியும் ஒரு மனிதர் இருக்கிறாரே என்று அவளுக்கு மனசு இளகிவிட்டது. "எடுக்காதீங்கய்யா, இன்னும் கிடைக்கல. பெயிண்ட் அடிச்சப்புறம் ஒட்ட இதே படத்தோட நாங்களே வரோம்" என்றாள். அடுத்த நாளே வேனில் இருவரும் போனார்கள்.

பெரியவர் கழிப்பறை வாசலில் ஒரு ஸ்டூலில் உட்கார்ந்திருந்தார். நேர் எதிரே தூண், தூணில் தம்பி. மற்ற விளம்பரமெல்லாம் புழுதி படிந்து கிழிந்து தொங்க, அவன் மட்டும் நேற்று ஒட்டியவன் மாதிரி பளிச்சென்று இருந்தான்.

"தினம் இவரு மூஞ்சிலதான்மா முழிக்கிறேன்" என்று பெரியவர் சிரித்தார். "வீட்டுப் பிள்ளை மாதிரி ஆயிட்டாரு. அம்மா காத்திருக்காங்கன்னு போட்டிருக்கே, அதைப் படிக்கிறப்பதான் ஒரு மாதிரி ஆவுது. இருக்காங்களா?"

"இருக்காங்கய்யா. இருங்க காட்டறேன்" என்று அவள் செல்போனை எடுத்து, அந்தப் புது வீட்டுப் படத்தைத் திறந்து நீட்டினாள். "நடுவுல நிக்கிறாங்களே, அவங்கதான்."

பெரியவர் போனைத் தள்ளிப் பிடித்துக்கொண்டு பார்த்தார். அம்மாவைப் பார்த்தார். அப்புறம் அவர் விரல் நகர்ந்து, பின்னால் தோளுக்கு மேல் தெரிந்த முகத்தில் போய் நின்றது. படத்தை இழுத்துப் பெரிதாக்கிப் பார்த்தார்.

"இவரு உங்களுக்கு என்ன வேணும்?"

அவள் போனின் மேல் குனிந்தாள். "ஏங்கய்யா?"

"இவரு இங்கதானே இருந்தாரு! மழைக்காலம் பூரா இந்தத் தூணுக்கு அடியிலதான் படுத்திருந்தாரு. புருவத்துல வெட்டு இருக்கும், இதோ தெரியுது பாருங்க. ரொம்ப நல்ல மாதிரி. கேக்காமலே வாளி தூக்கிக் குடுப்பாரு."

"இப்ப எங்க?" என்று வீட்டுக்காரர் பாய்ந்தார்.

"வெயில் ஆரம்பிச்சதும், இப்பக் கொஞ்ச நாள் முன்னதான் கிளம்பிட்டாருங்க. எந்த பஸ்ல ஏறினாருன்னு நான் பாக்கல."

அவள் தூணைக் காட்டினாள். "ஐயா, இவன்தான் அவன். ரெண்டும் ஒரே ஆள்தான். நம்பர் போட்டிருக்கே, ஒரு போன் பண்ணியிருக்கக் கூடாதா?"

பெரியவர் போனைப் பார்த்தார், தூணைப் பார்த்தார், மறுபடியும் போனைப் பார்த்தார். பாவம், அவருக்கு உண்மையிலேயே விளங்கவில்லை.

"ஒரே ஆளா? எனக்கு ஒத்துமையே தெரியலையேம்மா."

எத்தனை முகம், எத்தனை மரு, எத்தனை மூக்கு! எல்லோரையும் அழகாக்கிப் பழகிய கை, ஒரே ஒரு முகத்தை உள்ளது உள்ளபடி வரைந்திருந்தால் மழையோடு மழையாக அவனை வேனில் ஏற்றி வீட்டுக்குக் கொண்டு போயிருப்பாள். அந்தக் கையை வெட்டிப் போடலாம் போல இருந்தது அவளுக்கு.

"நான் கேக்காம இல்லம்மா" என்றார் பெரியவர், தன் மேல் பழி வந்துவிடுமோ என்கிற பயத்தில். "அவரும் தன் பேரு இதுதான்னு சொன்னாரு. படத்துலயும் அதே பேரு. என்ன தம்பி, உங்களைத்தான் தேடறாங்களான்னு சிரிப்பாத்தான் கேட்டேன். அன்னிக்குப் பூரா படத்துக்கு முன்னாலயே உக்காந்திருந்தாரு. அதுக்கப்புறம் தினம் காலையில முகம் கழுவிட்டு வந்து, தோள் துண்டால படத்தையும் துடைச்சு விடுவாரு. அதனாலதான் அழுக்கே இல்ல பாருங்க."

"கேட்டதுக்கு என்ன சொன்னான்?" என்றாள் அவள்.

பெரியவர் தூணைப் பார்த்துக்கொண்டே சொன்னார்.

"'என்னை இல்லங்க ஐயா, இந்த ஆளைத்தான் தேடறாங்க. எவ்வளவு நல்லா இருக்கான் பாருங்க, நான் போய் நின்னா ஏமாந்துடுவாங்க'ன்னு சொன்னாரும்மா."

அவள் அந்தத் தூணுக்கு அடியிலேயே உட்கார்ந்துவிட்டாள்.