ரூத்தின் மேசையில் எனக்கு எதிர்ப்பக்கம்

ஊறப்போட்ட வெள்ளரிக்காயின் புளிப்பு மணம்... இப்போதும் எங்காவது மூக்கில் ஏறினால் நான் அந்த மேசைக்குப் போய்விடுவேன்.

லண்டன் ஹரோவில், ரூத்தின் சமையலறை மேசை. ஒரு போத்தல் வெள்ளரிக்காய், அட்டை கிழிந்த தடிப் புத்தகங்கள், பென்சில் சீவல். செவ்வாயும் வியாழனும் பின்னேரம் அங்கே போய்ச் சண்டை பிடிப்பதுதான் என் வேலை. பகிடி இல்லை. அதற்குத்தான் சம்பளம்.

1995. எனக்கு இருபத்திரண்டு வயது. இஞ்சினியரிங் படிக்க வந்து, முதல் வருடத்தோடு விட்டுவிட்டு, ஹரோவில் ஒரு தமிழ்க்கடையில் வேலைக்கு நின்றேன். ரூத் ஒரு டின்னைத் திருப்பித் தர வந்தா. யூதப் பெண், அதில் அவ சாப்பிடக்கூடாத ஏதோ இருக்கிறதாம். திறந்த டின்னை எடுக்கமாட்டேன் என்றேன். கால் மணித்தியாலம் இரண்டு பேரும் விடவில்லை.

அடுத்த நாள் திரும்பி வந்தா. "உம்மைப்போல ஒராள்தான் எனக்கு வேணும்."

(அவ பேசியது இங்கிலீஷ். எனக்கு ஞாபகம் வருவது எங்கள் தமிழில்தான்.)

ஆயிரத்து ஐநூறு வருடத்துக்கு முந்தைய யூத மதகுருமாரின், அதாவது ரபிமாரின், சட்ட வாதங்களை அவ இங்கிலீஷுக்கு மொழிபெயர்த்துக்கொண்டிருந்தா. அதைத் தனியாக இருந்து படிக்கும் வழக்கமே இல்லையாம். எதிரே ஓராள் வேண்டும். ஒருவர் சொல்ல, மற்றவர் மறுக்க, சத்தம் போட்டுத்தான் படிப்பு. கூடப் படித்த சிநேகிதி கலியாணம் கட்டி மன்செஸ்டர் போய்விட்டா. அவ இருந்த கதிரைக்குத்தான் நான்.

மூல மொழி எனக்கு ஓர் எழுத்துத் தெரியாது. தான் எழுதியதை அவ வாசிப்பா. நான் உடைக்க வேண்டும். உடைந்தால் அழித்துவிட்டு எழுதுவா. போன இடமெல்லாம் வாய்க்காரன் என்று பேச்சு வாங்கிய எனக்கு, அது சொர்க்கம்.

மார்கழி வரைக்கும்.

இராணுவம் நெருங்க, யாழ்ப்பாணச் சனம் முழுக்க ஊரைவிட்டு நடந்த வருடம் அது. அம்மா முன்பே இறந்துவிட்டா. அப்பா தனியாள். அவரிடமிருந்து நாற்பது நாளாக ஒன்றும் இல்லை... கடிதம் இல்லை, ஆள்மூலம் ஒரு சொல் இல்லை. நான் இருந்தது நோர்பரியில், சித்தப்பா சித்தி வீட்டில். போன் அடித்தால் மூன்று பேரும் ஒன்றாக எழும்புவோம். எங்கள் பக்கத்துச் சனம் போன பாதையில் ஷெல் விழுந்ததாகக் கொழும்பில் யாரோ சொன்னார்களாம்.

ஒரு புதன்கிழமை சித்தப்பா சாப்பாட்டுக் கோப்பையைத் தள்ளிவைத்தார்.

"தம்பி, உன்ர அப்பர் உயிரோட இருந்தா ஒரு துண்டுக் கடிதமாவது வந்திருக்கும். சனிக்கிழமை விம்பிள்டன் கோயில்ல மோட்ச அர்ச்சனை ஒண்டு செய்வம்."

"செத்திட்டார் எண்டு ஆர் சொன்னது?"

"ஒருத்தரும் சொல்லேல்லை. அதைத்தானேடா சொல்லுறன்."

மறுநாள் ரூத்தின் மேசை. அன்றைய பகுதி, தொலைந்த பொருட்கள். தொலைத்தவர் இனி வராது என்று மனதை விட்டுவிட்டால், கண்டெடுத்தவர் வைத்துக்கொள்ளலாம். சரி. ஆனால் தொலைந்ததே அவருக்கு இன்னும் தெரியாவிட்டால்? தெரிந்தால் நிச்சயம் மனதை விட்டுவிடுவார். அப்படியென்றால் இப்போதே விட்டதாக எடுக்கலாமா? ஒரு ரபி ஓம் என்கிறார், மற்றவர் இல்லை என்கிறார். அன்றைக்கு நான் ஓம் பக்கம்.

ரூத் இல்லை பக்கம் நின்று தொடங்கினா. "நீங்கள் சொன்னது சரி" என்றேன்.

ரூத் பென்சிலை வைத்தா. "எட்டு மாதத்தில நீர் ஒருக்காலும் என்னைச் சரி எண்டு சொன்னதில்லை. ஏதும் வருத்தமோ?"

சொன்னேன். அப்பா, நாற்பது நாள், சனிக்கிழமை, எல்லாம்.

ஆறுதல் சொல்லவில்லை. தாளைத் தன் பக்கம் இழுத்தா. "அப்ப மாறுவம். நான் ஓம் பக்கம். நீர் மறுத்துச் சொல்லும்."

இரக்கமே இல்லாமல் தொடங்கினா. "தெரிஞ்சா எப்பிடியும் விடத்தானே போறார்? பிறகேன் பாத்துக்கொண்டு இருக்கவேணும்?"

"தெரியாமல் எப்பிடி விடுறது?"

"நாப்பது நாளாச்சு."

"நானூறு நாளாகட்டும்! மனதை விடுறது அவரவர் செய்யிற வேலை. அவருக்காக நீங்கள் விட ஏலாது!"

மேசையில் அடித்தேன். போத்தல் குதித்து, உப்புத்தண்ணீர் தாளெல்லாம்.

ரூத் துடைத்தா. "அதைத் திருப்பிச் சொல்லும்." எழுதினா. பிறகு என்னைப் பார்த்தா. "தீர்ப்பும் உம்மட பக்கம்தான். அதுக்காக அப்பா இருக்கிறார் எண்டு அர்த்தமில்லை. விளங்குதோ?"

"விளங்குது."

திரும்பும் வழியில், மெட்ரோபொலிட்டன் லைனில், இன்னொன்று வந்து நெஞ்சில் இடித்தது. படிப்பை விட்டதை நான் அப்பாவுக்கு எழுதவில்லை. மகன் இஞ்சினியர் என்று ஊரெல்லாம் சொல்லித் திரிந்த மனிதர். தெரிந்தால் நிச்சயம் என்னைக் கைவிட்டுவிடுவார். தெரியாது... அந்த ஒரு நூலில் தொங்கிக்கொண்டிருந்தேன்.

சனிக்கிழமை அர்ச்சனைக்கு நான் விடவில்லை. "கல்லு மனம்" என்றா சித்தி. சித்தப்பா ஒரு கிழமை என்னோடு கதைக்கவில்லை.

மாசியில் கடிதம் வந்தது. யாரோ கொழும்புக்குக் கொண்டுவந்து போஸ்ட் பண்ணியது. அப்பாவின் சரிந்த எழுத்து. வன்னியில் ஒரு பள்ளிக்கூடக் கட்டிடத்தில் இருக்கிறாராம். சுகமாம். கடைசி வரி: "நீ என்ன செய்துகொண்டிருந்தாலும் நேரத்துக்குச் சாப்பிடு."

படிக்கட்டில் இருந்து அழுதேன். பிறகுதான் கவனித்தேன். முந்தைய கடிதங்களெல்லாம் "படிப்பு எப்படி" என்றுதான் தொடங்கும். இதில் அது இல்லை.

2001இல் அப்பா கொழும்புக்கு வந்த பிறகு, போன் கார்ட் முடியப்போகிற நேரத்தில் ஒரு நாள் கொட்டிவிட்டேன். "அப்பா, நான் படிப்பை அப்பவே விட்டிட்டன்."

"தெரியும். ஊரைவிட்டு நடக்கிறதுக்குக் கொஞ்சம் முதல் சித்தப்பா எழுதினவன்."

"பிறகேன் ஒண்டும் கேக்கேல்லை?"

"நீயாச் சொல்லுவாய் எண்டு பாத்துக்கொண்டு இருந்தனான்."

அப்பா இப்போது இல்லை. ரூத்தின் மொழிபெயர்ப்பு புத்தகமாகி என் அலுமாரியில் இருக்கிறது. தொலைந்த பொருட்கள் வரும் அந்தப் பக்கத்தை மட்டும் எடுத்து வாசிப்பேன்.

மகள் லீட்ஸில் படிக்கிறாள். படிக்கிறாள் என்று நினைக்கிறேன். என் மெசேஜுக்கு இரண்டு டிக் விழுந்து, பதில் வராவிட்டால்... ஷெல், பாதை, ஆஸ்பத்திரி, எல்லா இடமும் மனம் ஓடிப்போய் வந்துவிடும்.

அப்பா ஆறு வருடம் பார்த்துக்கொண்டு இருந்தார்.

எனக்குப் பத்து நிமிடம் ஏலாமல் இருக்கிறது.