மண்ணாங்கட்டி என்கிற மணிமாறன்

மேற்குத் தாம்பரத்தில் ஸ்டேஷனை ஒட்டிய சந்தில் என் அச்சகம் இருந்தது. பக்கத்திலேயே ஒரு சைக்கிள் ஸ்டாண்டு. முடிச்சூரிலிருந்தும் பெருங்களத்தூரிலிருந்தும் சைக்கிள் மிதித்து வந்து, அதை இங்கே போட்டுவிட்டு மின்சார ரயிலுக்கு ஓடுகிறவர்கள் எண்பதுகளில் நூற்றுக்கணக்கில் இருந்தார்கள். அந்த ஸ்டாண்டைப் பார்த்துக்கொண்டவர் பெயர் மண்ணாங்கட்டி. பட்டப்பெயர் என்று நினைத்துவிட வேண்டாம். பெற்ற தாய் வைத்த பெயர், ரேஷன் கார்டில் ஏறிய பெயர்.

காலை அவசரத்தில் ஸ்டாண்டில் சண்டை வராத நாள் கிடையாது. "என் வண்டி மேல உன் வண்டிய சாய்ச்சிருக்கியே, அறிவிருக்கா?" என்று ஒருவர் ஆரம்பிப்பார். "அறிவாம், மண்ணாங்கட்டியாம்!" என்பார் மற்றவர். உடனே மூலையிலிருந்து, "இன்னா சார், கூப்டீங்களா?" என்று குரல் வரும். இரண்டு பேரும் சிரித்துவிடுவார்கள். தன் பெயரை வைத்துத் தானே முதலில் சிரித்துவிட்டால் அடுத்தவன் சிரிப்பு வலிக்காது என்று அவர் எப்போதோ கண்டுபிடித்திருக்க வேண்டும்.

மழைக்காலத்தில் அவருக்கு வேலை இரட்டிப்பு. மட்கார்டில் அப்பிய சேற்றை மூங்கில் குச்சியால் சுரண்டி எடுப்பார். யாரும் சொல்லிச் செய்வதில்லை. மாலையில் ரயிலை விட்டு இறங்கிக் களைத்து வருகிறவன் வண்டி உருளாமல் தவிக்கக் கூடாது என்பார். "சார் நேத்து பள்ளிக்கரணை போயிருந்தீங்களா? கறுப்புக் களி ஒட்டிகினு கீதே" என்று என்னையே ஒருமுறை மடக்கினார். கடன்காரனிடமிருந்து ஒளிந்துகொள்ளப் போனவனைப் போல நான் முழித்தேன். மைத்துனர் வீட்டுக்குத்தான் போயிருந்தேன்.

நான் அச்சு எழுத்து கோத்துப் பிழைத்தவன். வேலை இல்லாத மத்தியானங்களில் அகராதியைப் புரட்டுவது என் கெட்ட பழக்கம். சேறு என்ற சொல்லுக்குப் பழந்தமிழில் தேன், இனிப்பு என்றெல்லாம் பொருள் உண்டு. அளறு என்றாலும் சேறுதான், ஆனால் அதே சொல் நரகத்துக்கும் பெயர். ஆறு கொண்டுவந்து போடும் வண்டலின் பெயரைத்தான் சிறுமிகள் மணலில் வீடு கட்டும் விளையாட்டுக்கும் வைத்திருக்கிறார்கள். வண்டலூருக்கும் அதற்கும் உறவு உண்டா என்று கேட்காதீர்கள், எனக்குத் தெரியாது. இவ்வளவும் சொல்கிற அகராதி, மண்ணாங்கட்டி என்ற இடத்தில் மட்டும் 'மண் கட்டி' என்று சொல்லிவிட்டு நகர்ந்துவிடுகிறது. ஒரு தாய் ஏன் அதைத் தன் பிள்ளைக்கு வைத்தாள் என்பதை மண்ணாங்கட்டியே எனக்குச் சொன்னார்.

அவருடைய அம்மா அங்காளம்மாளுக்கு முதல் மூன்று குழந்தைகளும் தங்கவில்லை. ராஜா, தங்கம், செல்வி என்று ஆசை ஆசையாகப் பெயர் வைத்தாள். ஒன்றும் ஒரு வயதைத் தாண்டவில்லை. நான்காவது பிள்ளை ஐப்பசி மழையில் பிறந்தது. பிறந்த ஈரத்தோடு அதை ஏரிக்கரைச் சேற்றில் கிடத்தச் சொன்னாள். பக்கத்து வீட்டுக்காரி, "யாரு பெத்துப் போட்டதோ, மண்ணாங்கட்டி" என்று ஊர் கேட்கச் சொல்லித் தூக்கிக்கொண்டு வந்தாள். அங்காளம்மாள் ஒரு பிடி தவிட்டைக் கொடுத்து அதை விலைக்கு வாங்குகிறவளைப் போல வாங்கிக்கொண்டாள். எமன் ஆசையாக வளர்க்கிற பிள்ளையைத்தானே தேடி வருவான்? மண்ணாங்கட்டியை எவன் எடுத்துப்போவான்? பிள்ளை தங்கியது.

"அதோட உட்டுச்சா சார்? இன்னிக்கு வரைக்கும் என்ன ஒரு நல்ல வார்த்த சொல்லிக் கூப்டதில்ல. சோறு போடும்போதுகூட திட்டிக்கினேதான் போடும். அவன், அந்த எமன், கேட்டுக்கினு இருப்பானாம்" என்று சிரித்தார். எனக்குச் சிரிப்பு வரவில்லை. கொஞ்ச வேண்டும் என்று கை பரபரக்கிற ஒரு பெண், நாற்பத்தைந்து வருஷம் பல்லைக் கடித்துக்கொண்டு திட்டியிருக்கிறாள்.

அதற்குப் பழிவாங்குகிற மாதிரி அவர் தன் ஒரே மகளுக்குப் பேபி என்று பெயர் வைத்தார். ஒரு நாளைக்கு நூறு தடவை கூப்பிடுவார்.

எண்பத்தொன்பதில் பேபிக்குக் கல்யாணம் கூடிவந்தது. மாப்பிள்ளை ரவி, கூடுவாஞ்சேரிக்காரன், கம்பெனி வேலை. அவன் அப்பா பொன்னுசாமி அரசாங்க ஆபீசில் இருந்தவர். பத்திரிகை அடிக்க இரண்டு சம்பந்திகளும் என் அச்சகத்துக்கு வந்தார்கள். பெண்ணின் தகப்பனார் பெயர் வந்த இடத்தில் பொன்னுசாமி தொண்டையைச் செருமினார்.

"தப்பா எடுத்துக்காதீங்க. ஆபீஸ்ல எல்லாரும் வருவாங்க. இந்தப் பேரைப் போட்டா நல்லாயிருக்குமா? வேற ஏதாவது..."

"போடலைன்னா?" என்று நான்தான் கேட்டேன். அதிகப்பிரசங்கித்தனம்தான். ஆனால் எனக்குக் கோபம் வந்துவிட்டது.

"வீட்ல கலந்து பேசித்தான் சொல்லணும்" என்றார் பொன்னுசாமி. கல்யாணப் பேச்சில் அதற்கு என்ன அர்த்தம் என்று எல்லாருக்கும் தெரியும். பேபிக்கு அந்தப் பையன் மேல் உயிர் என்பது மண்ணாங்கட்டிக்கும் தெரியும்.

"போடுங்க சார், எதுனா நல்ல பேரா போடுங்க" என்றார் என்னிடம், முகத்தைக் காட்டாமல்.

மணிமாறன் என்று கோத்தேன். எடுப்பான பெயர். நான்கு மூலையிலும் மஞ்சள் தடவி வாங்கிக்கொண்டு போனார். "அம்மாவுக்குப் படிக்கத் தெரியாது, நீங்க சொல்லிடாதீங்க" என்று இரண்டு தடவை சொன்னார்.

நான் சொல்லவில்லை. மணிமாறன் வீடு எது என்று கேட்டுக்கொண்டு ஓர் உறவுக்காரன் அங்காளம்மாள் முன்னாலேயே போய் நின்றிருக்கிறான். அன்றைக்கே கிழவி என் அச்சகத்துக்கு வந்துவிட்டாள்.

"நீதானா என் புள்ள பேர அழிச்சவன்?"

"அம்மா, அது வெறும் பேப்பர்மா. கல்யாணம் முடிஞ்சா பொட்டலம் மடிக்கத்தான் ஆகும்."

"பேப்பர்ல போட்டா ஊருக்கே தெரியும். அந்த எமனுக்குத் தெரியாதா? நீ வேதக்காரன், உனக்கு இன்னா தெரியும்?" அவள் பார்வை சுவரோரம் காய்ந்துகொண்டிருந்த கறுப்பு விளிம்புத் தாள்கள் மேல் போனது. "காரியப் பத்திரிகையும் நீதானே அடிக்கிறே?"

நான் கிறிஸ்தவன் என்பதைத்தான் அப்படிச் சொன்னாள். இந்த அங்காளம்மாளிடம் எந்தப் பாஸ்டரும் வாதாடி ஜெயித்திருக்க முடியாது.

அடுத்த வாரமே மண்ணாங்கட்டி படுத்துவிட்டார். மஞ்சள் காமாலை. மழைத் தண்ணீர் குழாய்த் தண்ணீரில் கலந்து அந்த வட்டாரத்தில் பாதிப் பேருக்கு வந்த நோய்தான். ஆனால் இதை அங்காளம்மாளிடம் யார் சொல்வது? தினமும் விடிந்ததும் வாசலில் நின்றுகொண்டு, "டேய் மண்ணாங்கட்டி! எழுந்து தொலடா! உன்னை எவன் கேட்டான்!" என்று தெருவே அதிரக் கத்துவாள். கத்தி முடித்துவிட்டு உள்ளே போய்க் கீழாநெல்லியை அரைத்துக் கொடுப்பாள். அம்மா ராத்திரியெல்லாம் தூங்குவதே இல்லை என்று பேபி என்னிடம் சொல்லி அழுதாள். ஆயாவை அவள் அம்மா என்றுதான் கூப்பிடுவாள். பெற்றவள் சின்ன வயதிலேயே போய்விட்டாள்.

அவர் எழுந்துவிட்டார். ஆனால் பாதி ஆளாகிவிட்டார். சட்டை அவர் மேல் மாட்டி வைத்தது போலத் தொங்கியது. கல்யாணத்துக்கு முந்தின நாள் என்னிடம் வந்து உட்கார்ந்தார்.

"மண்டபத்துல மட்டும் அந்தப் பேரச் சொல்லிக் கூப்டாதம்மான்னு கெஞ்சிட்டேன் சார். பேபி வாழ்க்கம்மா, பேஜார் பண்ணிடாதன்னு கால்ல வுழுந்தேன்."

"என்ன சொன்னாங்க?"

"ஒண்ணும் சொல்லல. அதான் பயமா கீது."

மண்டபம் நிறைந்திருந்தது. முன்வரிசையில் பொன்னுசாமியின் ஆபீஸ்காரர்கள், மடிப்புக் கலையாத வேட்டியில். நான் அங்காளம்மாளுக்குப் பின்னால் உட்கார்ந்திருந்தேன். அவள் மேடையைப் பார்க்கவே இல்லை. மகனை மட்டும் பார்த்தாள். ஹோமப் புகையில் அவர் இருமும்போதெல்லாம் அவள் தோள் குலுங்கியது.

தாரை வார்க்கும் நேரம் வந்தது. மைக்கைப் பிடித்திருந்த ஆள் ராகம் போட்டு ஆரம்பித்தான். "மணமகளின் தந்தை, திருவாளர் மணிமாறன் அவர்களை மேடைக்கு அழைக்கிறோம்!" கூரைமேல் கட்டியிருந்த குழாய் ஸ்பீக்கர் அதை ஜிஎஸ்டி ரோடு வரைக்கும் கொண்டுபோனது. அவர் எழுந்தார். எழுந்த வேகத்தில் கால் தடுமாறித் தூணைப் பிடித்துக்கொண்டார்.

"டேய் மண்ணாங்கட்டி!"

நாதஸ்வரம் நின்றது. அங்காளம்மாள் எழுந்து நின்றுகொண்டிருந்தாள். "எங்கடா போய்த் தொலையிறே? மண்ணாங்கட்டி! உனக்கு எதுக்குடா மேடை?"

முன்வரிசையில் யாரோ சிரித்தார்கள். பிறகு நிறையப் பேர் சிரித்தார்கள். பொன்னுசாமி குனிந்து தன் அங்கவஸ்திரத்தைச் சரிசெய்ய ஆரம்பித்தார், அதில் சரிசெய்ய ஒன்றும் இல்லை. மணவறையில் பேபி தலையைத் தூக்கவில்லை. நான் மண்ணாங்கட்டியைப் பார்த்தேன். திரும்பாமல் மேடை ஏறிவிடலாம். யாரோ கிழவி, மூளை சரியில்லை என்று போய்விடும். ஏறிவிடய்யா என்று நானே மனசுக்குள் சொன்னேன்.

அவர் திரும்பி அம்மாவைப் பார்த்தார். அவள் வாய்தான் திட்டியது. கண்ணிலிருந்து கொட்டிக்கொண்டிருந்தது. அதைத் துடைக்கவும் அவளுக்குத் தோன்றவில்லை.

மணவறையிலிருந்து பேபியின் குரல் வந்தது. "அப்பா, அம்மா கூப்புடுது பாரு. போ."

ரவி கிழவிக்கு மரியாதையாக எழுந்து நின்றுவிட்டான். மாப்பிள்ளை அப்படி எழுந்திருக்கக் கூடாது என்று ஐயர் சொன்னதை அவன் காதில் வாங்கவில்லை.

மண்ணாங்கட்டி மேடைப்பக்கம் போனார். ஏறவில்லை. மைக் பிடித்திருந்தவன் கையிலிருந்து அதை வாங்கினார். வயர் இழுபட இழுபட, நாற்காலிகளுக்கு நடுவே நடந்து அம்மா முன்னால் வந்து நின்றார். மைக்கை அவள் வாயருகே பிடித்தார்.

"இதுல கூப்புடும்மா. அவனுக்கு நல்லாக் கேக்கட்டும்."

கிழவி அந்த மைக்கைப் பார்த்தாள், மகனைப் பார்த்தாள். இப்போது மண்டபத்தில் யாரும் சிரிக்கவில்லை.

"மண்ணாங்கட்டி" என்றாள். திட்டுவதற்குக் குரல் வரவில்லை. அந்த ஏழெழுத்துப் பெயர், கூரைமேல் போய், ரோட்டில் போகிற பஸ்களுக்கெல்லாம் கேட்டது. மறுபடியும், இன்னும் மெதுவாக, "டேய், மண்ணாங்கட்டி" என்றாள்.

அவர் மைக்கைத் தன் பக்கம் திருப்பிக்கொண்டார்.

"கீறேம்மா" என்றார். "இங்கதான் கீறேன்."