தொகியே சானின் நாக்கு

காமிரா முன்னால் ஒரு வாய் சாப்பிட்டு, கண்ணை மூடி, "அப்பாடா, போன உயிர் திரும்பி வந்துச்சு!" என்பதுதான் சஸமோரி தொகியேயின் பிழைப்பு. இருபது வயதில் சாமுராய் தொடர்களில் இளவரசிக்குப் பின்னால் விசிறி பிடித்து நின்றாள். பிறகு துப்பறியும் நாடகங்களில் பிணமாகக் கிடந்தாள். உருப்படியான வசனம் என்று ஒன்று வாய்த்ததே நாற்பதுக்கு மேல்தான், ஒசாகா நகரத் தொலைக்காட்சியின் காலை நிகழ்ச்சியில், கடை கடையாகச் சாப்பிடும் வேலையில். அந்த ஒரு வரி ஜனங்களுக்குப் பிடித்துப்போயிற்று. ரயிலில் பார்த்தவர்கள் 'தொகியே சான்' என்று மரியாதையாகக் கூப்பிட்டார்கள்; குழந்தைகள்கூடக் கண்ணை மூடிக் காட்டின.

போன குளிர்காலத்துக் காய்ச்சலில் நாக்கும் மூக்கும் சேர்ந்தே செத்தன. யாரிடமும் அவள் சொல்லவில்லை. ருசி தெரியாதவளை எந்தத் தொலைக்காட்சி வைத்துக்கொள்ளும்? கடைக்காரர் முகத்தைப் பார்த்து, என்ன போட்டீர்கள் என்று பேச்சுக் கொடுத்து, எப்படியோ சமாளித்து வந்தாள். நேரலை நாளென்றால் விடியும்போதே அந்தக் கடையைப் பற்றித் தேடிப் படித்து வைத்துக்கொள்வாள்.

அன்று இனுய் தம்பதியின் கடை. சிவப்புப் பயறு இனிப்புக் கூழுக்குப் பேர்போனது. டிவி வருகிறதென்று இனுய்யின் மனைவி பழைய டப்பாக்களைத் தூக்கிப் போட்டுவிட்டு, பளபளவென்று புதிதாக வாங்கி அடுக்கியிருந்தாள்.

தொகியே ஒரு கரண்டி விழுங்கினாள். கண்ணை மூடினாள்.

"அப்பாடா, போன உயிர் திரும்பி வந்துச்சு! இனிப்புன்னா இதுல்ல இனிப்பு!"

நேரலை முடிந்ததும் ஒலிப்பதிவுக்காரன் ஆசையாக ஒரு வாய் எடுத்தான். எடுத்த வேகத்தில் துப்பினான்.

"ஐயோ, உப்பு! கடலையே காய்ச்சி வெச்சிருக்கீங்க!"

தொலைந்தோம் என்று நினைத்தாள் தொகியே.

ஆனால் இனுய் இடுப்பு ஒடிய வணங்கினார். "கடை மானத்தைக் காப்பாத்திட்டீங்க, தொகியே சான். முகத்துல ஒரு சுளிப்பு இல்லையே!"

"நடிகைன்னா சும்மாவா!" என்று கை தட்டினார் இயக்குநர் கதயாமா.

"புது டப்பா... சர்க்கரைன்னு நெனச்சு..." என்று அழுதாள் மனைவி.

"டிவி வந்தா மூளையைக் கழட்டி வெச்சிருவியா?" என்று அதட்டிய இனுய் இன்னொரு பானையைத் திறந்தார். "இது நான் பண்ணது. இதையாவது வாய்க்கு ருசியா சாப்பிடுங்க."

வேடிக்கை பார்க்கக் கூடியிருந்த தெருவே அவள் வாயைப் பார்த்தது. அவளுக்குத் தெரிந்தது ஒரே வழி. விழுங்கினாள், கண்ணை மூடினாள், அதே வரியைச் சொன்னாள். எல்லோரும் சிரித்தார்கள்.

சந்தோஷத்தில் இனுய்யும் அதே பானையிலிருந்து ஒரு வாய் அள்ளிப் போட்டார். மென்றுகொண்டிருந்த தாடை நின்றது. அவரும் அதே உப்பு டப்பாவில்தான் கை விட்டிருக்கிறார். மெல்லத் தலையைத் தூக்கித் தொகியேவைப் பார்த்தார். சொல்லிவிடாதீர்கள் என்பதுபோல் அவள் இலேசாகத் தலையசைத்தாள்.

"எப்படிங்க இருக்கு?" என்றாள் மனைவி.

இனுய் கஷ்டப்பட்டு விழுங்கினார். கண்ணில் தண்ணீர் முட்டியது. மூடிக்கொண்டார்.

"அப்பாடா... போன உயிர் திரும்பி வந்துச்சு."

தெரு கொல்லென்று சிரித்தது. ஒலிப்பதிவுக்காரன் கிண்ணத்தை நீட்ட, இனுய் பானையைப் படாரென்று மூடினார். "போடா! துப்பினவனுக்கெல்லாம் கிடையாது."

காமிராவைப் பெட்டியில் வைத்துக்கொண்டே கதயாமா கத்தினார். "நாளைக்குப் பச்சைச் சிப்பி, தொகியே சான்! காலைல வண்டி வரும்."

வேகவைக்காத சிப்பி கெட்டிருந்தால் மூக்குதான் காட்டிக்கொடுக்கும். தொகியே சிரித்துத் தலையாட்டிவிட்டு, பானை மூடியை இன்னும் அழுத்திப் பிடித்திருந்த இனுய்யிடம் போனாள்.

"நாளைக்கு என்கூட வர்றீங்களா?" குரலைத் தாழ்த்தினாள். "எனக்கு முன்னாடி நீங்க ஒரு வாய்... பயமா இருக்கு."