பூட்டிய பாதையும் நீதிபதியின் சொல்லும்

குரங்கணிக்கு மேலே மலையில், ஏலக்காய்த் தோட்டத்தில் காய் பறிப்பவள் மருதாயி. தோட்டத்தைப் புதிதாக வாங்கிய விஜயகுமார், தொழிலாளர்கள் மலையிறங்கும் ஜீப் பாதையில் இரும்புக் கேட் போட்டுப் பூட்டினார். மற்றவர்கள் முணுமுணுத்துவிட்டு ஒற்றையடிப் பாதைக்கு மாறினார்கள். மருதாயியால் முடியவில்லை. புருஷன் ராக்கையாவுக்கு நெஞ்சு நோவு. போடி ஆஸ்பத்திரிக்கு ஜீப்பில்தான் கொண்டுபோக வேண்டும்.

வக்கீல் பானுப்பிரியாவைப் பிடித்து மதுரை ஐகோர்ட்டில் வழக்குப் போட்டாள். அது பொதுப்பாதை, கேட்டைத் திறக்க வேண்டும் என்று தீர்ப்பானது.

திரும்பும்போது பஸ்சில் வக்கீலிடம் கேட்டாள்: "ஏன் தாயி, அந்த ஜட்ஜய்யா கையில ஒரு கம்புகூட இல்ல. அவரு சொன்னா மொதலாளி எதுக்குக் கேக்கணும்?"

"ராசாவே சட்டம் போட்டு, ராசாவே தண்டிச்சா என்னாகும்னு பல நாட்டுல பட்டுத் தெரிஞ்சுக்கிட்டாங்க ஆத்தா. அதான் சட்டம் போடுறது ஒருத்தரு, நடத்துறது ஒருத்தரு, சரியா தப்பான்னு சொல்றது இன்னொருத்தருன்னு பிரிச்சாங்க. படையும் கஜானாவும் மத்தவுக கையில. ஜட்ஜுக்கு அவரு சொல்லு மட்டுந்தான். ஆளுறவுகளும் அதுக்கு அடங்கணும்னு நம்ம அரசியல் சட்டத்துலயும் எழுதி வச்சாங்க."

"அடங்கலேன்னா?"

பானுப்பிரியா ஜன்னல் பக்கம் திரும்பிக்கொண்டாள். "அடங்குவாங்கன்னு எல்லாரும் நம்புறவரைக்குந்தான் அதுக்குப் பலம்."

விஜயகுமார் அடங்கவில்லை. அதிகாரிகள் வந்த அன்று திறந்தார். அவர்கள் மலை இறங்கியதும் பூட்டிவிட்டார். கோர்ட் அவமதிப்பு என்று மருதாயியும் வக்கீலும் மறுபடி மனுப் போட்டார்கள். அது விசாரணைக்கு வருமுன், ஒரு மழைநாளில் ராக்கையாவுக்கு மூச்சு முட்டியது.

"சாவி மொதலாளிகிட்ட இருக்கே, அக்கா!" கேட்டுக் காவல்காரன் ஒச்சப்பன் அழுதேவிட்டான். கம்பளியைத் தூளியாகக் கட்டி ஒற்றையடிப் பாதையில் தூக்கி இறங்கினார்கள். கூடவே ஓடிய மருதாயியின் பிடியில் இருந்த ராக்கையாவின் கை, பாதி வழியில் தளர்ந்துபோனது.

கோர்ட்டில் விஜயகுமார் கைகூப்பி மன்னிப்புக் கேட்டார். ஏதாவது சொல்ல வேண்டுமா என்று நீதிபதி மருதாயியைக் கேட்டார்.

"ஒங்க சொல்ல நம்பித்தான் அய்யா வீட்டுக்குப் போனேன். அது மலையேறி வர்றதுக்குள்ள அவரு போயிட்டாரு."

நீதிபதி விஜயகுமாரின் மன்னிப்பை ஏற்கவில்லை. அவருக்கு ஜெயில் தண்டனை விதித்தார். கேட்டைப் பெயர்த்தெடுத்துவிட்டுத் தமக்குத் தகவல் சொல்ல அதிகாரிகளுக்கு உத்தரவிட்டார்.

மறுவாரம் பக்கத்து வீட்டுப் பெண் பிரசவத்துக்கு ஜீப்பில் இறங்கினாள். "ஜெயிச்சுட்டியே மருதாயி!" என்று பெண்கள் கையைப் பிடித்துக்கொண்டார்கள். அவள் தலையாட்டினாள். நீதிபதி மேல் கோபப்படலாமென்றால், அவர் சரியாகத்தான் சொல்லியிருந்தார். வீட்டுக்குள் போய், மிச்சமிருந்த ராக்கையாவின் மாத்திரைகளை மடியில் வைத்துக்கொண்டு வெறுமனே உட்கார்ந்திருந்தாள்.