செவலையும் ‘நைஸ்’ என்ற சொல்லும்

மாவு மில்லிலிருந்து அப்போதுதான் இறங்கிய மாவுக்கு ஒரு சூடு உண்டு. தூக்குவாளியை நெஞ்சோடு அணைத்துக்கொண்டு வீட்டுக்கு நடந்தால் அந்தச் சூடு சட்டையைத் தாண்டி வயிறு வரைக்கும் இறங்கும். எனக்கு முன்னால் யாராவது மிளகாய் அரைத்திருந்தால் அதன் காரமும் சேர்ந்து மூக்கில் ஏறி, வழியெல்லாம் தும்மிக்கொண்டே வருவேன். மில்காரர் புருவம் வரை வெள்ளை படிந்த மனிதர். அரைபட்டு விழும் மாவில் ஒரு சிட்டிகை எடுத்து, கட்டை விரலுக்கும் ஆட்காட்டி விரலுக்கும் நடுவே தேய்த்து, "நைஸ்" என்பார். அதற்குப் பிறகு அந்த மாவைப் பற்றி யாரும் கேள்வி கேட்கக் கூடாது. காமயகவுண்டன்பட்டியில் நான் கற்ற முதல் ஆங்கிலச் சொல் அதுதான். ஆங்கிலம் என்று தெரியாமலே கற்றேன். அம்மாவும் "குருணை விழுகாம நைஸா அரைக்கச் சொல்லுலே" என்றுதான் அனுப்புவாள்.

ஆறாம் வகுப்பில் ஆங்கில வாத்தியார் கரும்பலகையில் அந்தச் சொல்லை எழுதி, நல்ல, இனிய என்று இரண்டு பொருள் சொன்னார். நான் எழுந்து, "மாவு சார்?" என்றேன். "மாவு எப்படிடா இனிக்கும்? உக்காரு" என்றார். அன்றிலிருந்து பள்ளிக்கூடத்தில் என் பெயர் "மாவு". எனக்கு அதில் வருத்தம் இல்லை. வாத்தியார் சொன்ன இரண்டு பொருளிலும் எங்கள் ஊர்க்காரர் ஒருவர்கூட அந்தச் சொல்லைப் பயன்படுத்தவில்லையே என்பதுதான் வருத்தம். எதையும் எண்ணிப் பார்க்கும் புத்தி எனக்குச் சின்ன வயதிலேயே இருந்தது. பிற்காலத்தில் நில அளவைப் பிரிவில் வேலை கிடைத்ததும் அந்தப் புத்திக்குச் சம்பளமும் கிடைத்தது, அவ்வளவுதான். அப்போது நான் எண்ணியது இந்தச் சொல்லின் பொருள்களை.

ஜவுளிக்கடையில் "நைஸ் சேலை" என்றால் சுருட்டி மோதிரத்துக்குள் விட்டு இழுக்கக்கூடிய சேலை. கொத்தனார் "நைஸ் பூச்சு" என்றால், சலித்த மணலில் கலவை போட்டுக் கரண்டியால் கடைசியாக இழுக்கும் பூச்சு. அந்தச் சுவரில் கன்னத்தை வைத்தால் குளிரும். கணக்கு வகுப்பில் பின் வாசல் வழியாகப் போனவனை "நைஸா நழுவிட்டான்" என்றார்கள். தலைமையாசிரியருக்கு வீட்டிலிருந்து கொய்யாப்பழம் கொண்டுவந்து கொடுத்தவனை "நைஸ் பண்றான்" என்றார்கள். மாவுக்கும் சுவருக்கும் திருட்டுத்தனத்துக்கும் காக்காய் பிடிப்பதற்கும் ஒரே சொல் எப்படிப் பொருந்தும் என்று அந்த வயதில் எனக்கு உண்மையாகவே எரிச்சல் வந்தது. விரலில் எதுவும் நெருடாமல் போவதெல்லாம் "நைஸ்" என்று புரிந்துகொள்ள எனக்கு ஓர் ஆடி மாதம் தேவைப்பட்டது.

எங்கள் வீட்டில் ஒரு செவலை மாடு இருந்தது. அம்மாவுக்குக் கல்யாணமான புதிதில், அவளுடைய அப்பா அனுமந்தன்பட்டியிலிருந்து தன் கையாலேயே ஓட்டிக்கொண்டு வந்து எங்கள் மாட்டுக் கொட்டத்தில் கட்டியது. அந்த வருஷம் அது வற்றிப்போயிருந்தது. இரண்டு தடவை சினைக்குப் போட்டும் நிற்கவில்லை. தீவனச் செலவைப் பற்றி அப்பா முணுமுணுப்பார். அம்மா காதில் வாங்கமாட்டாள். ஆடி அமாவாசை அன்று, இறந்துபோன தன் அப்பாவை நினைத்து முழுகுவதற்காகத் தெருப் பெண்களோடு அம்மா சுருளித் தீர்த்தத்துக்குப் போனாள். நான் பள்ளிக்கூடம் போனேன். அப்பா மாட்டைக் கொடுத்துவிட்டார்.

சண்டை வேண்டாம் என்றுதான் அவர் அந்த நாளைத் தேர்ந்தெடுத்திருக்க வேண்டும். ஈரத்தலையோடு வந்த அம்மா கேட்டதற்கு, "மேய விட்டிருக்கேன், வரும்" என்றாராம். ஆனால் எங்கள் பக்கத்தில் ஒரு வழக்கம். மாட்டை விற்றாலும் கயிற்றை விற்கமாட்டார்கள். கயிறு போனால் அதோடு மாட்டுப் பட்டியும் போய்விடும் என்பார்கள். வாங்குகிறவன் தன் கயிற்றோடு வந்து, தன் கயிற்றில் பிடித்துப் போவான். அப்பா எல்லாவற்றையும் சத்தமில்லாமல் முடித்துவிட்டு, பழக்கதோஷத்தில், கழற்றிய கயிற்றை நன்றாகச் சுருட்டி கொட்டத்து ஆணியில் மாட்டிவைத்திருந்தார். மேயப் போன மாட்டின் கயிறு ஆணியில் ஏறாது என்பது அம்மாவுக்குத் தெரியாதா?

நான் பள்ளிக்கூடம் விட்டு வந்தபோது அவள் சேலைகளை மூட்டை கட்டிக்கொண்டிருந்தாள். மூட்டையின் மேல் அந்தக் கயிறு இருந்தது. "அப்பன் குடுத்த மாட்ட, அப்பனுக்கு முழுகப் போன அன்னிக்கே நைஸா அவுத்து விட்டுட்டாக" என்று சுவரைப் பார்த்துச் சொன்னாள். பிறகு என்னைப் பார்த்து, "பள்ளிக்கூடத்த விட்டுராதலே" என்றாள். அவ்வளவுதான். அனுமந்தன்பட்டியில் அவளுடைய அண்ணன், என் மாமா இருந்தார். அங்கே போய்விட்டாள்.

கோபித்துக்கொண்டு பிறந்த வீட்டுக்குப் போகும் பெண்கள் எங்கள் ஊருக்குப் புதிதில்லை. அதற்கென்று ஒரு முறையும் இருந்தது. புருஷன்காரன் உடனே போய் நிற்கக் கூடாது, மதிப்பு போய்விடும். வாய் உள்ள யாரையாவது அனுப்பி "நைஸா பேசி" கூட்டிவரச் சொல்ல வேண்டும். அப்பா சோற்றைக் குழைத்தும் கருக்கியும் நான்கு நாள் பொங்கிப் பார்த்துவிட்டு, தன் அக்காவை, அதாவது என் அத்தையை அனுப்பினார். அம்மாவின் மனசு இளகட்டும் என்று என்னையும் கூடவே பஸ்ஸில் ஏற்றிவிட்டார்.

அத்தை ஒரு சீப்பு வாழைப்பழத்தை வைத்துவிட்டு, அம்மாவின் கையைத் தன் கைக்குள் எடுத்துக்கொண்டு பேசினாள்.

"ஆத்தா ராசம்மா, மாடு எங்க போயிருச்சுங்கிற? கட்டப்பனையில ஒரு பெரிய வீட்டுக்குத்தான் போயிருக்கு. புள்ள மாதிரி வச்சுப் பாத்துக்கிறாகளாம்."

"வத்தின மாட்ட வாங்கி எதுக்கு மதினி புள்ள மாதிரி பாக்குறாக? அவுக வீட்ல புள்ளையே இல்லையா?"

அத்தை சிரித்துவிட்டாள். அம்மா சிரிக்கவில்லை. என் தலைக்கு எண்ணெய் வைத்து, வயிறு முட்டச் சோறு போட்டு, எங்களைச் சாயங்கால பஸ்ஸில் ஏற்றிவிட்டாள். பஸ் நகரும்போது நான் ஜன்னல் வழியாக அவள் முகத்தைத்தான் பார்த்தேன். அவள் முகம் வேறு பக்கம் இருந்தது.

அடுத்து சீனிச்சாமி அண்ணன். வாழைக்காய்த் தரகு பார்ப்பவர், பெயருக்கேற்ற வாய். பிஞ்சுத் தாரைக் காட்டி முற்றின தார் என்று நம்பவைத்துவிடுவார். போகும்போது பஸ்ஸில் என் தொடையைத் தட்டி, "கவலப்படாத மாவு, இன்னிக்கு ஒங்கம்மா இதே சீட்டுல ஒக்காந்து வருவாக" என்றார். நான் நம்பினேன்.

மாமா வீட்டுக் கட்டிலில் சம்மணம் போட்டு உட்கார்ந்து அவர் ஆரம்பித்தார். "தங்கச்சி, நானே குமுளிக்குப் போயி கண்ணால பாத்துட்டு வந்தேன். அங்கன இடுப்பளவு பச்சப்புல்லு. ஏலக்கா வாசத்துல படுத்து அச போட்டுக்கிட்டு இருக்கு. ஒரு சுத்து பெருத்துருச்சு. நான் கூப்பிட்டா திரும்பிக்கூடப் பாக்கல."

"மதினி கட்டப்பனன்னாக. நீங்க குமுளிங்கிறீக. அதுக்குள்ள வீடு மாத்திருச்சாண்ணே?"

சீனிச்சாமி அண்ணன் கட்டிலில் காலை மாற்றிப் போட்டார். "அது... ரெண்டு எடத்துலயும் அவுகளுக்கு எஸ்டேட் இருக்கு."

"அப்ப என்னயும் அங்கனயே கொண்டுபோயி விட்ருங்க. இடுப்பளவு புல்லுன்னா எனக்கும் பசி தீரும்."

மாமா வெளியே போய்த் திரும்பிக்கொண்டு சிரித்தார். ஆனால் நாங்கள் கிளம்பும்போது அவர் சொன்னதில் சிரிப்பு இல்லை. "என் தங்கச்சி இங்கனயே இருக்கட்டும். பரிச்ச முடியவும் பயலயும் இங்கன பள்ளிக்கூடத்துல சேத்துருவோம். மச்சான் அங்கன நிம்மதியா இருக்கட்டும்னு சொல்லுங்க." அம்மா அதை மறுக்கவில்லை. மறுப்பாள் என்று நான் காத்திருந்தேன்.

அந்தப் பயணத்தில்தான் எனக்கு முதன்முதலாகப் பயம் வந்தது. அதுவரை அம்மா கோபமாக இருக்கிறாள் என்றுதான் நினைத்திருந்தேன். இனி நான் ஓர் ஊரிலும் அப்பா ஓர் ஊரிலுமாகவே இருந்துவிடுவோம் என்று அன்றுதான் தோன்றியது. வீட்டுக்கு வந்ததும் அப்பா கேட்டார். "என்னலே சொன்னா ஒங்கம்மா?"

"கட்டப்பனையா குமுளியான்னு கேட்டுச்சு."

அப்பா அடுப்பை ஊதிக்கொண்டிருந்தவர் நிறுத்திவிட்டார். "வேற ஒண்ணும் கேக்கலயா?" என்றார். "வேற ஒண்ணும் கேக்கல" என்றேன்.

ஞாயிற்றுக்கிழமை அவர் முகச்சவரம் செய்துகொண்டு, வெளுத்த வேட்டி கட்டி, என்னையும் கூட்டிக்கொண்டு கிளம்பினார். பழம் வாங்கவில்லை. உச்சி வெயிலில் மாமா வீட்டு வாசலில் நின்றார். மாமா செம்பில் தண்ணீர் கொண்டுவந்து நீட்டினார். அப்பா வாங்கினார், குடிக்கவில்லை. அம்மா நிலைப்படிக்கு அந்தப் பக்கம் வந்து நின்றாள்.

"அடிமாட்டுக்குத்தான் குடுத்தேன்" என்றார் அப்பா.

தெருவில் போய்க்கொண்டிருந்த ஒருவர் நின்று பார்த்துவிட்டுப் போனார். மாமா தலையைக் குனிந்துகொண்டார்.

"யாரு ஓட்டிட்டுப் போனா?" என்று அம்மா கேட்டாள்.

"மலமேட்டுக்கு, கேரளாவுக்கு அடிமாடு ஓட்டுறவன். கூட வேற மாடும் இருந்துச்சு."

"போகயில திரும்பிப் பாத்துச்சா?"

அப்பா செம்பை ஒரு கையிலிருந்து இன்னொரு கைக்கு மாற்றினார். இல்லை என்று சொல்லிவிடுவார் என்று நினைத்தேன். சொல்லிவிட வேண்டும் என்று வேண்டிக்கொண்டேன். சொன்னால் அம்மா வந்துவிடுவாள் என்று அந்த வயதுக்குத் தோன்றியது.

"பாத்துச்சு" என்றார்.

அம்மா உள்ளே போனாள். அவள் அழுத சத்தம் வாசல் வரைக்கும் கேட்டது. அது நின்ற பிறகும் நெடுநேரம் ஆனது. அப்பா நின்ற இடத்திலேயே நின்றார். பிறகு அவள் முகம் கழுவி, மூட்டையோடு வெளியே வந்து, "சோத்துக்கு என்ன பண்ணுனீக இத்தன நாளா?" என்று கேட்டுவிட்டு, பதிலுக்குக் காத்திராமல் எங்களுக்கு முன்னால் பஸ் நிற்கும் இடத்துக்கு நடந்தாள். கயிற்றை அவள் எடுத்துவரவில்லை. வீட்டில் எங்களுக்கெல்லாம் பொங்கிப் போட்டாள், பழையபடி சண்டையும் போட்டாள். மாடு வாங்கலாமா என்று அப்பா பேச்செடுத்தால் மட்டும் எழுந்து போய்விடுவாள். கொட்டம் விறகு வைக்கும் இடமாயிற்று.

இப்போது நான் கம்பத்தில் மகன் வீட்டில் இருக்கிறேன். மாவு பாக்கெட்டில் வருகிறது. அதில் சூடும் இல்லை, தும்மலும் இல்லை. காமயகவுண்டன்பட்டி மில் இருந்த இடத்தில் செல்போன் கடை இருக்கிறது. எங்கள் பழைய தெருவில் போன தடவை எண்ணிப் பார்த்தேன். மாடு ஒன்றுகூட இல்லை. சுவரெல்லாம் பட்டி பார்த்துப் பட்டுப்போல இருக்கிறது. பேரன், நான் எதைச் சொன்னாலும் போனிலிருந்து கண்ணை எடுக்காமல் "நைஸ் தாத்தா" என்கிறான். என் வாத்தியார் சொன்ன பொருளில் அந்தச் சொல்லைப் பயன்படுத்தும் ஆள் கடைசியில் என் வீட்டிலேயே பிறந்துவிட்டான். ஆனால் வாத்தியாரைப் போலவே அவனும் நான் சொல்வதைக் காதில் வாங்குவதில்லை.

ஜீப் நிற்கும் இடத்துக்கு எதிரே ஒரு டீக்கடை. காலையில் அங்கே நாங்கள் நான்கு பேர் உட்காருவோம், எல்லாரும் ஒரே காலத்தில் ஓய்வு பெற்றவர்கள். மழையிலும் சளியிலும் ஒரு மாதம் நான் போகவில்லை. போன வாரம் மருந்து வாங்கப் போனவன், சுவரில் பாதி கிழிந்த ஒரு கண்ணீர் அஞ்சலி போஸ்டரைப் பார்த்தேன். மேலே ஒரு காதுகுத்து விழா போஸ்டர் ஒட்டியிருந்தது. கீழே மிச்சம் இருந்த பாதி முகம் எங்கள் நால்வரில் ஒருவரான முருகேசனுடையது. பதினாறாம் நாள் விசேஷமே முடிந்திருந்தது.

மகனிடம் கேட்டேன். "ஒங்களுக்கு பிரஷர் இருக்குல்லப்பா. நேரம் பாத்து நைஸா சொல்லிக்கலாம்னு இருந்தோம்" என்றான். நல்ல பிள்ளை. என் மாத்திரைகளை அவன்தான் நேரத்துக்கு எடுத்துத் தருகிறான். "செத்தாகன்னா செத்தாகன்னு அன்னிக்கே சொல்லுப்பா. நான் மாலை போட்டுட்டாவது வந்திருப்பேன்" என்றேன். "சரிப்பா" என்றான். அவன் சொன்ன விதத்திலேயே தெரிந்துவிட்டது, சொல்லமாட்டான்.

மறுநாள் காலை டீக்கடைக்குப் போனேன். பெஞ்சில் ராமையா மட்டும் உட்கார்ந்திருந்தார். முருகேசனைப் பற்றிக் கொஞ்ச நேரம் பேசினோம். பிறகு நான்காவது ஆளான தங்கவேலு எங்கே என்று கேட்டேன்.

"மக வீட்டுக்குப் போயிருக்காக" என்றார் ராமையா, டீ கிளாஸைப் பார்த்தபடி.

எந்த ஊர் என்று நான் கேட்கவில்லை.